மந்திரத் தீவு வரைய ஒரு கருவி: பாலாற்றங்கரையிலிருந்து ஒரு மதிப்புரை

மந்திரத்தால் உருவான ஒரு தீவு நாட்டைத் தொடர்கதைக்காகவோ, மேசையைச் சுற்றி உட்கார்ந்து ஆடும் கதாபாத்திர விளையாட்டுக்காகவோ கட்டுகிறவர்களுக்கு முதல் தேவை வரைபடம். ‘அஸ்கார் ஃபேண்டஸி மேப் ஜெனரேட்டர்’ அதற்கான இலவசக் கருவி. உலாவியிலேயே ஓடும், கணக்குத் தொடங்க வேண்டாம், மூலநிரல் திறந்தே இருக்கிறது. இதில் செய்த வரைபடத்தை உங்கள் நூலில் அச்சிட்டு விற்கலாம். பொத்தான்கள் எல்லாம் ஆங்கிலம். தொடுதிரையில் தடவித் தடவி வேலை செய்ய முடியாது, மவுஸ் வேண்டும். இந்த மதிப்புரை வேலூர், காட்பாடி, ராணிப்பேட்டை, திருப்பத்தூர்ப் பக்கத்து எழுத்தாளர்களையும் ஆட்டக்காரர்களையும் மனத்தில் வைத்து எழுதப்பட்டது. அதனால் பாலாறும் ஏரிகளும் அடிக்கடி குறுக்கே வரும்.

தீர்ப்பை முதலிலேயே சொல்லிவிடலாம். வரைபடக் கருவிகளில் பெரும்பாலானவை வரைபலகைகள்: மலைப் படத்தை எடுத்து ஒட்டுவீர்கள், ஆற்றைக் கையால் இழுப்பீர்கள், அழகாக வரும். அஸ்கார் கணக்குப் போடுகிற கருவி. மேடு பள்ளத்தைக் கொடுத்தால் காற்று எங்கே முட்டும், மழை எங்கே விழும், தண்ணீர் எந்தப் பக்கம் வழியும், அந்தத் தண்ணீரை நம்பி ஊர் எங்கே அமையும், ஊர்களைப் பிடித்து நாடு எதுவரை பரவும் என்று படிப்படியாக அதுவே செய்யும். தண்ணீர் ஊரைத் தீர்மானிக்கிறது என்ற கருத்து வட ஆற்காட்டுக்காரர்களுக்குப் புதிதில்லை. மந்திரத்தையும் அதே இடத்தில், அதாவது ஊர்கள் வருவதற்கு முன்னால், நிலத்துக்குள் வைத்துவிட்டால் இந்தக் கருவி மிக நல்ல தீவைத் தரும். எல்லாம் முடிந்தபின் ‘இது மந்திரக் காடு’ என்று பெயர் ஒட்டினால், மந்திரம் இல்லாத ஒரு தீவின்மேல் ஒட்டிய சீட்டாகவே அது நிற்கும்.

எடுத்துக்காட்டுக்கு ஒரு தீவை வைத்துக்கொள்வோம். பெயர் நீர்க்கோட்டை. அதன் மந்திர விதி ஒன்றே ஒன்று: மணலுக்கு அடியில் ஓடும் நீருக்குத்தான் சக்தி. ஊற்றுத் தோண்டி அதை மேலே எடுத்தால் ஒரு கோடைக்குள் பயன்படுத்திவிட வேண்டும். எடுத்த அளவுக்குக் கீழேயுள்ள அடுத்த ஏரி வற்றும். இந்த ஒரு விதியிலிருந்தே மேலூர் கீழூர்ச் சண்டை, மதகுக் காவல், ஊற்றுக்கு வரி எல்லாம் பிறக்கும். கோடையில் பாலாற்று மணலில் ஊற்றுத் தோண்டித் தண்ணீர் மொண்டதைப் பார்த்தவர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை. கருவி இந்த விதியைத் தாங்குகிறதா என்பதுதான் இங்கே சோதனை.

முதலில் அளவு. பலர் கருவியைத் திறந்ததும் வருகிற அளவிலேயே தொடங்கி, கடைசியில் அச்சிடும்போது மாட்டிக்கொள்கிறார்கள். தொடங்கும்போதே ஆப்ஷன்ஸ் பக்கத்தில் அகலம் 1240, உயரம் 877 என்று கொடுங்கள். இது ஏ3, ஏ1 தாள்களின் விகிதம். பிறகு அளவை மாற்றினால் புது வரைபடம்தான் வரும், பழையது நீளாது. புள்ளிகள் 10,000 என்றிருப்பதை அப்படியே விடுங்கள். ஒரு லட்சம் வரை ஏற்றலாம், ஆனால் ஒவ்வொரு மாற்றத்துக்கும் கணினி மூச்சு வாங்கும்.

10,000 புள்ளி என்றால் வரைபடம் 10,000 செல்களாக வெட்டப்படுகிறது. தொலைவு அளவை ஒரு பிக்சலுக்கு 0.2 கிலோமீட்டர் என்று வைத்தால் முழுப் படமும் 248க்கு 175 கிலோமீட்டர். தமிழ்நாட்டுக்குள் பாலாறு ஓடும் 222 கிலோமீட்டர் இதன் நீளத்துக்குள் அடங்கும். ஒரு செல் சுமார் 4.35 சதுர கிலோமீட்டர். வேலூர்க் கோட்டை 133 ஏக்கர், அதாவது அரை சதுர கிலோமீட்டருக்குச் சற்று மேல். ஆக ஒரு செல்லுக்குள் எட்டுக் கோட்டை பிடிக்கும். ஒரு செல்லில் ஓர் ஊர்தான் வைக்கலாம் என்பதால் கோட்டை, அகழி, பேட்டை என்று தனித்தனியாக இந்தப் படத்தில் காட்ட முடியாது. அதை வேறு தாளில் வரைய வேண்டும். இதை முன்கூட்டியே தெரிந்துகொண்டால் பாதி ஏமாற்றம் மிச்சம்.

அடுத்து மேடு பள்ளம். ஹைட்மேப் பட்டியலில் ‘ஹை ஐலண்ட்’, ‘லோ ஐலண்ட்’, ‘வால்கனோ’, ‘ஆர்ச்சிபெலகோ’, ‘அட்டால்’ என்று தீவு வார்ப்புகள் இருக்கின்றன. நடுவில் ஜவ்வாது போல ஒரு மலைக்கூட்டம், சுற்றிச் சமவெளி என்றால் ஹை ஐலண்ட் சரி. பிடித்த தீவு வந்ததும் அதன் சீட் எண்ணை, அதாவது அந்தத் தீவு முளைத்த விதை எண்ணை, குறித்துக்கொள்ளுங்கள். அதே எண், அதே பட அளவு, அதே வார்ப்பு என்றால் அதே தீவு திரும்ப வரும்.

உயரம் 0 முதல் 100 வரை. 20க்குக் கீழே கடல், 20லிருந்து நிலம். யூனிட்ஸ் பகுதியில் உயர அலகை மீட்டர் என்றும் அடுக்கெண்ணை 2 என்றும் வைத்தால் கணக்கு எளிது: எண்ணிலிருந்து 18ஐக் கழித்து வர்க்கம் எடுங்கள். 50 என்றால் 32 பெருக்கல் 32, 1,024 மீட்டர். ஏலகிரி, ஜவ்வாதுக்கு நெருக்கமான உயரம். 70 என்றால் 2,704 மீட்டர், தொட்டபெட்டாவை விடக் கொஞ்சம் கூட. 90 என்றால் 5,184 மீட்டர். இங்கேதான் தவறு நடக்கிறது. மலை கம்பீரமாக இருக்கட்டும் என்று 90 வரை தூக்கிவிடுவார்கள். ஆயிரம் மீட்டருக்கு 6.5 டிகிரி வீதம் கருவி வெப்பத்தைக் குறைக்கும், ஆகவே 28 டிகிரித் தீவின் உச்சியில் பனி உறைந்து நிற்கும். வெயிலூர் என்று கேலி பேசப்படும் ஊரின் சாயலில் தீவு செய்பவர் 60ஐத் தாண்ட வேண்டாம்.

உயரத்தைத் திருத்தப் போகும்போது கருவி மூன்று வழி கேட்கும். ‘எரேஸ்’ என்றால் ஊர், நாடு, பெயர் எல்லாம் அழியும், நிலம் மட்டும் மிஞ்சும். ‘கீப்’ என்றால் எதுவும் அழியாது, ஆனால் கரையோரத்தை மாற்ற முடியாது. ‘ரிஸ்க்’ என்றால் கரையை மாற்றலாம், முடிந்தவரை மற்றதைக் காப்பாற்றும், சில ஊர்கள் போகலாம். தொடக்கத்தில் எரேஸ் தயங்காமல் எடுங்கள். ஊர்ப்பெயர் வைத்தபின் கீப் மட்டும்தான்.

பருவநிலை இரண்டாவது இடறல். வேர்ல்டு கான்ஃபிகரேட்டரில் படத்தின் அளவு 1 விழுக்காடு, அட்சரேகை 43 என்று வைத்தால் தீவு வடக்கே ஏறக்குறைய 11.6 முதல் 13.4 டிகிரிக்குள் விழும். வேலூர் 12.9, ஆகவே நம் வெயில் கோணம் கிடைத்துவிடும். நிலநடுக்கோட்டு வெப்பத்தை 28 அளவில் வையுங்கள். அக்கினி நட்சத்திரத்தை நினைத்து 42 கொடுக்காதீர்கள். கருவி கேட்பது ஆண்டுச் சராசரி. கூடுதலாகக் கொடுத்தால் ஆறு தொடாத, ஈரம் குறைந்த செல்கள் எல்லாம் வெப்பப் பாலைவனம் ஆகிவிடும்.

காற்றில்தான் இந்தக் கருவியின் பெரிய குறை இருக்கிறது. 30 டிகிரிப் பட்டை ஒவ்வொன்றுக்கும் ஒரே காற்றுத் திசை, ஆண்டு முழுக்க. ஆடியில் தென்மேற்கிலிருந்தும் ஐப்பசியில் வடகிழக்கிலிருந்தும் மழை வாங்குகிற ஊர்க்காரர்களுக்கு இது பொருந்தவே பொருந்தாது. பருவம் என்ற சொல்லே இதன் கணக்கில் இல்லை. சுற்றுவழி ஒன்றுண்டு. அம்புக்குறியைச் சொடுக்கச் சொடுக்க 45 டிகிரி வீதம் திரும்பும். அதை வடகிழக்கிலிருந்து வீசும்படி வையுங்கள். மலையின் கிழக்குச் சரிவு நனையும், மேற்குச் சரிவு காயும். காய்ந்த அந்தப் பக்கத்தை நீர்க்கோட்டையின் ஊற்று நாடாக வைத்துக்கொள்ளலாம்: வானம் தராததை மணலிலிருந்து எடுக்கக் கற்றவர்கள் அங்கேதான் இருப்பார்கள்.

பருவநிலையை இப்போதே முடித்துவிட வேண்டும். பிறகு இந்தப் பெட்டியைத் திறந்து எதையாவது நகர்த்தினால் நிலவகைகள் மறுபடி கணக்கிடப்படும். நீங்கள் கையால் பூசியதெல்லாம் போய்விடும். இரவெல்லாம் உட்கார்ந்து பூசிய மந்திர நிலம் ஒரு நொடியில் புல்வெளியாவது இப்படித்தான்.

இனி நிலவகை. கருவி இதைப் பயோம் என்கிறது. கடலையும் சேர்த்து 13 தருகிறது. ஒவ்வொன்றுக்கும் ஒரு குடியிருப்புத் தகுதி எண் உண்டு. இந்த எண்களைப் பார்த்தால் கருவி எந்த ஊர்க் கண்ணால் உலகத்தைப் பார்க்கிறது என்று தெரியும். மிதவெப்ப இலையுதிர் காட்டுக்கு 100. நம்முடைய வெப்பமண்டலப் பருவக்காட்டுக்கு 50. புல்வெளிக்கு 30, சவானாவுக்கு 22, சதுப்புக்கு 12. நெல்வயலுக்கென்று ஒரு வகையே கிடையாது. ஏரிப் பாசனத்தில் ஆயிரம் ஆண்டுகளுக்கு மேல் ஊர்கள் நெருங்கி வாழ்ந்த சமவெளியை இந்தக் கணக்கு ஆளில்லாத பொட்டல் என்று முடிவுகட்டும். அப்படியே விட்டால் தீவின் சமவெளியில் ஊர்கள் அங்கொன்றும் இங்கொன்றுமாகத்தான் விழும்.

நல்லவேளையாக இது திருத்தக்கூடியது. பயோம்ஸ் எடிட்டரில் பெயரையும் எண்ணையும் நீங்களே மாற்றலாம், புதுவகை சேர்க்கலாம். ஐந்திணையையே பெயராக வைப்பது தமிழ்த் தீவுக்கு மிகப் பொருத்தம். பருவக்காடு குறிஞ்சி, தகுதி 40. புல்வெளி முல்லை, 45. கூட்டல் குறியை அழுத்தி மருதம் என்று புதுவகை சேர்த்து 100 கொடுங்கள். ஆற்றோரச் செல்களில் தூரிகையால் பூசுங்கள். நெய்தல் 35 போதும், கரையோரத்துக்குக் கருவியே தனியாகச் சலுகை தருகிறது.

பாலை தனியாகப் பேச வேண்டியது. நம் மரபில் பாலை தனி நிலம் இல்லை, முல்லையும் குறிஞ்சியும் காய்ந்து திரிந்த நிலை. நீர்க்கோட்டையின் விதிக்கு இதைவிடப் பொருத்தமான நிலவகை கிடைக்காது. மந்திரத்துக்காக நீரை அதிகம் உறிஞ்சிய இடங்களின் கீழ்ப்பகுதி பாலையாகத் திரியும். ஆகவே ‘பாலை’ என்று இன்னொரு புதுவகை, தகுதி 5. ஊற்று எடுக்கும் இடத்துக்குக் கீழே, நீர் வழியும் திசையில், நான்கைந்து செல் நீளத்துக்கு விரல் போலப் பூசுங்கள். வட்டமாகப் பூசினால் அது வெறும் பொட்டல் போல இருக்கும். ஓடையின் போக்கில் நீண்டிருந்தால்தான் மேலே யாரோ எடுத்ததால் கீழே காய்ந்தது என்று பார்த்தவுடன் புரியும். ஆம்பூர், வாணியம்பாடி, ராணிப்பேட்டைத் தோல் தொழிலுக்கு நடுவே வளர்ந்தவர்கள் மேலூர் விட்டதைக் கீழூர் குடிக்கும் என்பதைக் கண்ணால் கண்டவர்கள். அந்தக் கோபம் வரைபடத்தில் தெரிய வேண்டும்.

எண்ணை மாற்றியதும் மக்கள்தொகை மாறும், ஆனால் ஊர்கள் இடம் மாறாது. அது பலருக்குத் தெரிவதில்லை. டூல்ஸ் பக்கத்தில் ரீஜெனரேட் பொத்தான்களில் ‘பர்க்ஸ்’ என்பதை அழுத்தினால்தான் ஊர்கள் புதிய கணக்கின்படி மறுபடி முளைக்கும். அதற்குமுன் பெயர் வேலையை முடித்துவிடுங்கள், இல்லாவிட்டால் நூற்றுக்கணக்கான ஊர்களுக்குப் பின்னால் ஒவ்வொன்றாகப் பெயர் மாற்ற நேரும்.

பெயர்கள் நேம்ஸ்பேஸ் என்ற பட்டியலிலிருந்து உருவாகின்றன. ஒரு மொழியின் ஊர்ப்பெயர்களைக் காற்புள்ளி இட்டுக் கொடுத்தால், எந்த எழுத்துக்குப் பின் எது வருகிறது என்று எண்ணிப் புதுப்பெயர்களைக் கோக்கும். கருவியோடு வரும் பட்டியல்களில் கர்நாடகப் பெயர்கள் உண்டு. அது நமக்கு உதவாது. நம் பக்கத்துப் பெயர்களையே கொடுங்கள்: வேலூர், ஆற்காடு, காட்பாடி, கணியம்பாடி, மேல்பாடி, வாணியம்பாடி, குடியாத்தம், பேரணாம்பட்டு, ஒடுகத்தூர், அணைக்கட்டு, ஆலங்காயம், திமிரி, கலவை, நெமிலி, பனப்பாக்கம், காவேரிப்பாக்கம், சோளிங்கர், திருவலம், லத்தேரி, பொன்னை, விரிஞ்சிபுரம், கண்ணமங்கலம், போளூர், ஆரணி. நூறு பெயருக்குக் குறைந்தால் கொடுத்த பெயரே திரும்பத் திரும்ப வரும். பாடி, பட்டு, பாக்கம், ஊர், பேட்டை, குப்பம், தாங்கல் என்று முடிகிறவை கலந்து இருக்கட்டும். எல்லாம் ‘ஊர்’ என்றே முடிந்தால் தீவு முழுக்க ஊர்ஊராகவே இருக்கும்.

தமிழ் எழுத்தில் கொடுக்கும்போது நீளத்தைக் கவனியுங்கள். வேலூர் நம் கண்ணுக்கு மூன்று எழுத்து. கருவிக்கு ஆறு: வ, ஏகாரக் குறி, ல, ஊகாரக் குறி, ர, புள்ளி. ஆகவே குறைந்தபட்சம் 5, அதிகபட்சம் 12 என்று புதுப் பட்டியலுக்குக் கருவி வைக்கும் எண்களை விட்டால் காவேரிப்பாக்கம் அளவுக்கு ஒரு பெயரும் வராது. 8, 20 என்று உயர்த்துங்கள். இரட்டை எழுத்து அனுமதிப் பெட்டியைக் காலியாகவே விடலாம். நம் ‘க்க’வில் நடுவே புள்ளி வந்துவிடுவதால் அந்த விதி நம்மைத் தொடாது. பெயர் பாதியில் முறிந்து ‘ம்ப’ என்று நிற்பது போல நாலைந்து வரும், அவற்றைக் கையால் திருத்த வேண்டும். நாட்டுப் பெயர்களுக்குக் கருவி ஆங்கில ஒட்டும் ஆங்கில அரசு வடிவச் சொல்லும் சேர்க்கும். நாடுகள் ஏழெட்டுக்கு மேல் இல்லையென்றால் ஸ்டேட்ஸ் எடிட்டரில் ஒரு மணி நேர வேலை. கல்ச்சர்ஸ் எடிட்டரில் எல்லாப் பண்பாட்டுக்கும் உங்கள் பட்டியலைத் தேர்ந்தெடுத்த பிறகு பர்க்ஸ் ரீஜெனரேட் செய்யுங்கள். பிடித்த ஊர்களுக்குப் பூட்டுப் போடுங்கள். பூட்டிய ஊர் அடுத்த சுற்றில் நகராது.

இப்போது ஆறு. கருவி வரைகிற ஆறுகள் எல்லாம் வற்றாத ஜீவநதிகள். வளைவும் கிளையும் அழகாக இருக்கும், ஆனால் பத்து மாதம் மணலாகக் கிடந்து 2021 நவம்பரில் வந்ததுபோல ஒருநாள் கரைபுரண்டு வருகிற பாலாறு இதற்குத் தெரியாது. குடியாத்தத்தை இரண்டாகப் பிரித்து ஓடும் கவுண்டன்யாவையும், மலையடிவாரத்துக் கானாறுகளையும் இதில் நேரடியாகக் காட்ட வழியில்லை. நீர்க்கோட்டையின் மந்திரமே மணலுக்கு அடியில்தான் இருக்கிறது என்பதால் இதை விட்டுவிட முடியாது.

செய்யவேண்டிய முறை இது. ஆற்றை உடனே அழிக்காதீர்கள். ஆறு இருக்கும் செல்லுக்குக் கருவி கூடுதல் தகுதி தருகிறது, ஊர்களும் சாலைகளும் அதை ஒட்டி அமைகின்றன. ஊர்களும் சாலைகளும் முடியும்வரை ஆறு ஓடட்டும். அவை திருப்தியாக வந்ததும் எல்லா ஊர்களையும் பூட்டுங்கள். பிறகு ஆற்றைச் சொடுக்கி அழித்துவிடுங்கள். அது போன தடத்தில் சோன்ஸ் எடிட்டரில் ‘மணலாறு’ என்று ஒரு பகுதி உருவாக்கி, செல் செல்லாகத் தேர்ந்தெடுத்து, மஞ்சள் கோட்டு நிரப்பு கொடுங்கள். பழைய தடம் மறந்துபோகாமலிருக்க அழிக்கும்முன் ஒரு படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். இப்போது பார்த்தால் தண்ணீரில்லாத ஒரு மணல்வரியின் இரு கரையிலும் ஊர்கள் நெருங்கி நிற்கும். வேலூரும் காட்பாடியும் நிற்கிற மாதிரியேதான். பார்க்கிறவர் ‘ஆறு எங்கே’ என்று கேட்பார். பதில் உங்கள் மந்திரம். இதற்குப் பிறகு பாப்புலேஷன் ரீஜெனரேட் அழுத்தவே கூடாது. ஆறில்லை என்று மக்கள்தொகையைக் குறைத்துவிடும்.

ஏரிகளுக்கு இவ்வளவு பாடில்லை. பள்ளங்களில் கருவியே ஏரி வைக்கும். ஆனால் ஒரு செல் ஏரியே 4 சதுர கிலோமீட்டருக்கு மேல் என்பதால் காவேரிப்பாக்கம் போன்ற பெரிய ஏரி மட்டும்தான் பொருந்தும். ஊருக்கு ஊர் இருக்கும் சிறு ஏரிகளை மார்க்கராக, அதாவது படத்தில் குத்தும் குறியாக வைத்து, ஒவ்வொன்றின் குறிப்பிலும் கலங்கல் எந்த ஏரிக்கு வழிகிறது என்று எழுதிவையுங்கள். அந்தக் குறிப்புகளைப் படித்தாலே யார் யாருக்குப் பகை என்று ஆட்டக்காரர்கள் கண்டுபிடித்துவிடுவார்கள். இதற்குப் பிறகு டிப்ளமசி பலகையில் பகை, நட்பு, திறை என்று நிரப்புவது பத்து நிமிட வேலை.

ரிலிஜன்ஸ் அடுக்கை மந்திரப் பள்ளிகளுக்குப் பயன்படுத்தலாம். ஒரு மையத்திலிருந்து பரவும் கணக்கு அதில் ஏற்கெனவே இருக்கிறது. பெயரை மட்டும் மாற்றினால் ஊற்றுக்காரர் பள்ளி எந்த ஊர்வரை செல்வாக்குடையது என்று வண்ணத்தில் வந்துவிடும். படை, கொடி, சின்னம் எல்லாம் இருக்கின்றன. சின்னங்கள் ஐரோப்பியக் கேடய மரபு, நம் தீவுக்கு அணைத்து வைப்பதே நல்லது. ஊரைச் சொடுக்கினால் வேறொரு நகர வரைவுக் கருவிக்குப் போகும். அங்கே வருவதும் மதிலும் சதுக்கமும் உள்ள ஐரோப்பிய நகரம். கோயில் என்பது அதில் ஒரு கட்டடம் மட்டும், அதைச் சுற்றி நான்கு மாட வீதியும் தெப்பக்குளமும் வராது. கோயில் ஊர்களுக்கு அதை நம்ப வேண்டாம், தாளில் வரைந்துகொள்ளுங்கள்.

எழுத்துரு பற்றி. கருவியின் அலங்கார எழுத்துருக்களில் தமிழ் இல்லை. தமிழில் தட்டினால் உலாவி தன்னிடமுள்ள ஏதோ ஒன்றைப் போட்டுக் காட்டும், அது ஒவ்வொரு கணினியிலும் வேறு மாதிரி இருக்கும். ஸ்டைல் பக்கத்தில் கூகுள் எழுத்துருவைப் பெயர் சொல்லிச் சேர்க்கலாம். கட்டமரான் நாட்டுப் பெயர்களுக்கு நன்றாக எடுக்கும், பெயரும் நம் கட்டுமரம்தான். ஊர்ப்பெயர்களுக்குக் கவிவாணர் கையெழுத்துச் சாயலில் பழந்தாள் உணர்வைத் தரும், ஆனால் சிறிய அளவில் புள்ளிகள் மங்கும். நாட்டுப் பெயர்களை வளைத்து எழுதும் வசதி தமிழுக்கு வேண்டாம். கொம்பும் காலும் அதனதன் எழுத்திலிருந்து விலகியது போலத் தெரியும். நேர்க்கோடாக்குங்கள்.

சேமிப்பதில் அலட்சியம் கூடாது. உலாவிக்குள் சேமிப்பது போதாது. உலாவித் தரவை யாராவது துடைத்தால் தீவும் போகும். ஒவ்வொரு கட்டம் முடிந்ததும் மேப் கோப்பாகக் கணினியில் இறக்கி, ‘நீர்க்கோட்டை 1 மேடு’, ‘2 மழை’, ‘3 மருதம்’, ‘4 ஊர்’ என்று எண்ணிட்டு வையுங்கள். மேலே சொன்ன தவறுகளில் எது நடந்தாலும் ஒரு படி பின்னால் போய்த் தொடரலாம். மின்சாரம் போகும் நேரம் தெரிந்த ஊரில் இது இன்னும் முக்கியம்.

கடைசியாக அச்சு. பிஎன்ஜி ஏற்றுமதியில் பெருக்கம் 4 வைத்தால் 4960க்கு 3508 பிக்சல். ஏ3 தாளில் அங்குலத்துக்கு 300 புள்ளி. பெருக்கம் 8 வைத்தால் அதே தெளிவில் ஏ1. திரையில் தெரிவது எதுவோ அதுதான் படமாகும், ஆகவே முழுத் தீவும் தெரியும்படி வைத்துவிட்டு அழுத்துங்கள். ராம் குறைந்த மடிக்கணினியில் 8 மடங்குப் படம் வெறுமையாக வரலாம். அப்போது டைல்ஸ் முறையில் நான்கு துண்டாக எடுத்து ஒட்டிக்கொள்ளுங்கள்.

அச்சுக் கடைக்கு எஸ்விஜி கோப்பைக் கொடுக்காதீர்கள், அதில் எழுத்து படமாக இல்லாமல் எழுத்தாகவே இருக்கும். பழைய கோரல்டிரா வடிவமைப்பு மென்பொருள் வைத்திருக்கும் கடைகளில் யூனிகோடு தமிழ் சிதறிவிடும். ஊர்ப்பெயரெல்லாம் கொம்பு வேறு எழுத்து வேறாக அச்சாகி வந்தபின் பணம் கொடுத்தவருக்குத்தான் நட்டம். பிஎன்ஜி கொடுத்தால் அந்தப் பயம் இல்லை. பேனர் பிளெக்ஸ் பளபளப்பில் விளக்கு வெளிச்சம் பட்டு எழுத்து தெரியாது, மேசைமேல் விரித்து ஆடுவதற்கு மங்கல் பூச்சுள்ள தாளே ஏற்றது. கடலை வெளிர்நீலமாக மாற்றிவிட்டு அச்சிடுங்கள். கருநீலக் கடல் மை குடித்துத் தாளைச் சுருட்டும், மடிப்பில் வெள்ளையாக வெடிக்கும். மணலாற்றின் மஞ்சளை மட்டும் ஒரு படி அழுத்தமாக வையுங்கள், திரையில் இருப்பதை விட அச்சில் வெளுத்துத்தான் வரும். முழுத்தாளுக்குப் போகும்முன் அந்த ஆற்றுப் பகுதியை மட்டும் ஏ4 தாளில் ஒருமுறை அடித்துப் பார்த்துவிடுங்கள்.